பதில்: மலாய் சப்டைட்டில் போட்டும் இந்தோனேசியப் பார்வையாளர்கள் நிற்கவில்லையே

உங்கள் சமையல் வீடியோவுக்கு இந்தோனேசியாவிலிருந்து நிறையப் பேர் வந்தும் ஒரு நிமிடத்தில் போய்விடுகிறார்கள் என்றால், முதலில் அந்த மலாய் சப்டைட்டிலை மாற்றுங்கள். மலாயும் இந்தோனேசிய மொழியும் நெருங்கியவைதான், ஆனால் அடுப்படிச் சொற்கள் வேறு. கரண்டி மலாயில் 'சூடு', அங்கே 'செண்டோக்'. ஃபிரிட்ஜ் 'பெத்தி செஜுக்' அல்ல, 'குல்காஸ்'. 'பெர்ச்சூமா' என்றால் மலேசியாவில் இலவசம், இந்தோனேசியாவில் வீண். இலவசக் குறிப்பு என்று நீங்கள் எழுதியது அங்கே வீண் குறிப்பு என்று படிக்கும். அதற்கு 'கிராத்திஸ்' போடுங்கள்.

அளவுகளையும் பாருங்கள். அங்கே தசமத்துக்குக் காற்புள்ளி, ஆயிரத்துக்குப் புள்ளி. ஒன்றரைக் கிலோவை 1,5 என்று எழுத வேண்டும், 1.500 என்றால் ஆயிரத்து ஐந்நூறு.

யூடியூபில் இந்தோனேசியன் என்ற மொழியைத் தேர்ந்து தனி எஸ்ஆர்டி கோப்பாக (சப்டைட்டில் வரிகளும் அவை வரும் நேரமும் மட்டும் உள்ள எழுத்துக் கோப்பு) ஏற்றுங்கள். படத்திலேயே எழுத்தைப் பதித்துவிட்டால் பிறகு ஒரு சொல்லைக்கூடத் திருத்த முடியாது. தலைப்பு, விவரக்குறிப்பு இரண்டையும் அதே மொழியில் சேருங்கள், தேடலில் கிடைப்பது அதனால்தான். பலர் கைபேசியில் பார்ப்பதால் ஒரு வரி 40 எழுத்தைத் தாண்ட வேண்டாம்.

நீங்கள் வீடியோவை ஏற்றும் நேரமான இரவு 9 மணியும் தவறு. நம் இரவு 9 மணி ஜகார்த்தாவில் 10.30, பாலியில் 11.30, பப்புவாவில் நள்ளிரவு தாண்டி 12.30. மாலை 6 மணிக்கு ஏற்றினால் ஜகார்த்தாவில் 7.30, மக்ரிப் எனும் அந்தி நேரத் தொழுகை முடிந்திருக்கும். ரமலானில் மட்டும் நம் பிற்பகல் 2.30-க்கு மாற்றுங்கள், நோன்பு திறப்பதற்கு முந்தைய அந்த நேரத்தில்தான் சமையல் வீடியோ தேடுவார்கள்.