கச்சேரி மேடையிலிருந்து டிவி ஸ்டுடியோவுக்கு

கேள்வி: எலெக்ட்ரானிக்ஸ் டிப்ளமோ முடித்துவிட்டு, கோயில் திருவிழாக்களிலும் கல்யாணக் கச்சேரிகளிலும் மிக்ஸர் இயக்கி வருகிறேன். சென்னையில் செய்தி சேனல் ஒன்றில் சவுண்ட் டெக்னீஷியனாகச் சேர இந்த அனுபவம் போதுமா?

பதில்: பாதி போதும். கெயின் (மைக் சிக்னலை எவ்வளவு பெருக்குவது என்ற அளவு) வைப்பதும், கேபிளைச் சோதிப்பதும், ஹம் (ஸ்பீக்கரில் வரும் இரைச்சல்) வந்தால் எர்த்தைத் தேடிப் போவதும் உங்களுக்குக் கைவந்திருக்கும். மீதியை ஸ்டுடியோவில்தான் பழக வேண்டும்.

சேர்ந்ததும் கன்சோலில் (ஸ்டுடியோவின் பெரிய மிக்ஸரில்) உட்காரவைக்க மாட்டார்கள். விருந்தினர்களுக்குக் காலர் மைக் மாட்டத்தான் அனுப்புவார்கள். சின்ன வேலை என்று நினைக்காதீர்கள், பாதிக் கோளாறு அங்கேதான் பிறக்கிறது. தாடைக்கு 15 முதல் 20 செ.மீ. கீழே, நெறியாளரைப் பார்த்துத் திரும்பும் பக்கமாக மாட்டுங்கள். கஞ்சி போட்ட கதர்ச் சட்டையும் பட்டுப்புடவையும் உரசிச் சத்தம் போடும். தாலிச் சங்கிலி மைக்கில் இடிக்குமா என்று முதலிலேயே பாருங்கள். கிளிப்புக்குக் கீழே வயரைச் சிறு வளையமாக்கி டேப் ஒட்டினால் இழுபடும் சத்தம் குறையும். பெல்ட் இல்லாமல் வேட்டி கட்டி வருபவருக்கு, மைக்கின் ஒலியை வயரில்லாமல் அனுப்பும் டிரான்ஸ்மிட்டர் பெட்டியை வைக்க இடுப்புப் பட்டை ஒன்று தயாராக இருக்கட்டும். பெண் விருந்தினர் என்றால் வயரை அவரே உள்ளே விட்டுக்கொள்ளட்டும். ஒவ்வொரு லைவுக்கும் புது பேட்டரி. பாதி தீர்ந்தது ஒத்திகைக்கு.

அடுத்தது மிக்ஸ் மைனஸ், அதாவது ஒருவருக்கு அவர் குரலைக் கழித்துவிட்டு அனுப்பும் மிக்ஸ். கச்சேரியில் பாடகர் தன் குரலை மானிட்டரில் கேட்க விரும்புவார். இங்கே நேர்மாறு. டெல்லியிலிருந்து வீடியோ இணைப்பில் பேசுபவருக்கு அவர் குரலே தாமதமாகக் காதில் விழுந்தால் நாக்கு குழறி நிறுத்திவிடுவார். அதனால் வெளியூர் விருந்தினர் ஒவ்வொருவருக்கும் தனி ஆக்ஸ் (மிக்ஸரிலிருந்து தனியாக ஒலி அனுப்பும் வழி) ஒதுக்கி, அவர் குரலை மட்டும் விட்டு மற்ற எல்லாவற்றையும் அனுப்ப வேண்டும். இரண்டு பேர் என்றால் இரண்டு மிக்ஸ். ஒருவர் குரல் மற்றவருக்குக் கேட்டாக வேண்டும். ஆக்ஸை ஃபேடருக்கு (ஒலியளவை ஏற்றி இறக்கும் நகர்த்திக்கு) பிறகு எடுங்கள். முன்னால் எடுத்தால், ஃபேடரை இறக்கி வைத்தாலும் விளம்பர இடைவேளையில் ஸ்டுடியோவில் பேசும் வம்பெல்லாம் அவர் காதுக்குப் போய்ச் சேரும்!

எதிரொலிப் புகார் வந்தால் இப்படிப் பிரித்துக்கொள்ளலாம். விருந்தினருக்கு அவர் குரலே திரும்பக் கேட்டால் பெரும்பாலும் தவறு நம் கன்சோலில். நெறியாளரின் குரல் திரும்பி வந்தால், விருந்தினர் இயர்போன் இல்லாமல் ஸ்பீக்கரில் கேட்கிறார்.

விவாதத்தில் ஐந்து மைக்கையும் முழுதாகத் திறந்து வைத்தால் குரல் குகைக்குள் பேசுவது போலாகும். பேசாமல் இருப்பவரின் மைக்கை மட்டும் சுமார் 10 டெசிபல் குறைத்து வையுங்கள். அடியோடு மூடினால் அவர் குறுக்கிடும்போது முதல் அசை போய்விடும்.

வயர்லெஸ் அலைவரிசைகளைச் சம இடைவெளியில் வைக்காதீர்கள். 600, 601 மெகாஹெர்ட்ஸில் இரண்டு மைக் இருந்தால் அவை கலந்து 602-இலும் ஒரு கள்ள சிக்னல் உருவாகும். மூன்றாவது மைக் அங்கே இருந்தால் கரகரக்கும். மேடையில் தேவைப்படாத இன்னொன்று உதட்டசைவுப் பொருத்தம். நொடிக்கு 25 ஃபிரேம் (படச் சட்டம்) ஓடினால் ஒரு ஃபிரேம் 40 மில்லிசெகண்ட். படம் தாமதமானால் ஒலியையும் அதே அளவு தாமதப்படுத்த வேண்டும். ஒலி பிந்துவதைவிட முந்துவதுதான் சீக்கிரம் கண்ணில் படும்.

முறையாகப் படிக்க விரும்பினால் தரமணியிலுள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் ஒலிப்பதிவுக்குத் தனிப் படிப்பு உண்டு. ஆனால் டிப்ளமோவும் கை வேலையும் இருக்கும் உங்களுக்கு அது கட்டாயமில்லை என்பது எங்கள் கருத்து. நேர்முகத்துக்குப் போகுமுன், மூன்று ஆக்ஸ் உள்ள ஏதாவது ஒரு மிக்ஸரில் இரண்டு போன் இணைப்புகளுக்கு மிக்ஸ் மைனஸ் போட்டுப் பழகுங்கள். அதைத் தாளில் வரைந்து காட்டச் சொன்னாலும் தடுமாறாமல் வரைய வேண்டும்.