ஏ, பி, ஓ தவிர வேறு ரத்த வகைகளால் யாருக்காவது பயன் உண்டா?

உண்டு. ரத்த வங்கி ஆய்வகத்தில் பணிபுரிபவன் என்ற முறையில், அதற்கு மிகத் தெளிவான சான்றாக நான் கருதும் டஃபி வகையைப் பற்றி மட்டும் இங்கே எழுதுகிறேன்.

பலமுறை ரத்தம் ஏற்றிக்கொண்ட ஒரு ஹீமோஃபிலியா (ரத்தம் எளிதில் உறையாத நோய்) நோயாளியின் சீரத்தில், அதாவது ரத்தம் உறைந்தபின் பிரியும் தெளிநீரில், 1950-இல் கண்டறியப்பட்ட ஓர் எதிர்ப்பொருளிலிருந்து (அந்நியப் பொருளுக்கு எதிராக உடல் உண்டாக்கும் புரதம்) இந்த வகை தெரியவந்தது. அவருடைய குடும்பப் பெயரே இதற்கு வைக்கப்பட்டது. ஏ, பி வகைகளைத் தீர்மானிப்பவை சர்க்கரை மூலக்கூறுகள்; டஃபியோ சிவப்பணுவின் சவ்வில் பதிந்திருக்கும் ஒரு புரதம். அதன் 42-ஆவது அமினோ அமிலம் கிளைசினாக இருந்தால் டஃபி ஏ, ஆஸ்பார்டிக் அமிலமாக இருந்தால் டஃபி பி. இதற்கான மரபணு முதலாம் குரோமோசோமில் இருப்பதை 1968-இல் மரபியல் ஆய்வாளர் ரோஜர் டோனஹ்யூ தம் சொந்தக் குடும்பத்தாரின் குரோமோசோம்களை ஆராய்ந்தே நிறுவினார். பால் குரோமோசோம் அல்லாத ஒன்றில் மனித மரபணு ஒன்றின் இடம் குறிக்கப்பட்டது அதுவே முதல் முறை.

மேற்கு ஆப்பிரிக்க மக்களில் மிகப் பெரும்பாலோரின் சிவப்பணுக்களில் டஃபி ஏ, டஃபி பி இரண்டுமே இல்லை. பிளாஸ்மோடியம் வைவாக்ஸ் என்ற ஒட்டுண்ணியால் வரும் வைவாக்ஸ் மலேரியா அங்கே அரிதாக இருப்பதன் காரணத்தை 1970-களில் மலேரியா ஆய்வாளர் லூயிஸ் மில்லரும் அவருடைய குழுவினரும் இங்கேதான் கண்டார்கள்: அந்த ஒட்டுண்ணி சிவப்பணுவுக்குள் நுழைவதற்குப் பற்றிக்கொள்வது டஃபி புரதத்தைத்தான்.

இதில் என்னை மிகவும் கவர்ந்தது 1995-இல் வெளிவந்த விளக்கம். இம்மக்களிடம் டஃபி மரபணு அழிந்துவிடவில்லை. டஃபி பி-க்குரிய குறியீடு முழுமையாகவே இருக்கிறது. குறியீடு தொடங்குவதற்குச் சற்று முன்னால், தைமின் இருக்க வேண்டிய ஓர் இடத்தில் சைட்டோசின் இருக்கிறது, அவ்வளவுதான். சிவப்பணுவை உருவாக்கும் செல்களில் இந்த மரபணுவைச் செயல்படத் தூண்டும் காட்டா-1 என்ற புரதம் வந்து ஒட்டும் இடம் அது என்பதால், சிவப்பணுக்களில் மட்டும் உற்பத்தி நின்றுபோகிறது. ரத்தக் குழாய்களின் உட்சுவர் போன்ற பிற திசுக்களில் டஃபி பி வழக்கம்போல் உருவாகிறது.

ஆயினும் இந்தப் பாதுகாப்பு முழுமையானதன்று. டஃபி இல்லாதவர்களுக்கும் வைவாக்ஸ் தொற்று ஏற்படுவது மடகாஸ்கரில் உறுதிசெய்யப்பட்டு 2010-இல் வெளியானது.

இந்த ஒற்றை மாற்றத்தின் விளைவை ஆய்வக மேசையிலும் காண முடிகிறது. ஏற்றவிருக்கும் ரத்தம் கூம்ப்ஸ் கட்டத்தில் (சிவப்பணுக்களில் ஒட்டிய எதிர்ப்பொருளைத் திரட்சியாக வெளிக்காட்டும் சோதனைக் கட்டம்) பொருந்தாமல் திரளும்போது, எதிர்ப்பொருளை அடையாளம் காண வகை தெரிந்த பல சிவப்பணுக்களுடன் சீரத்தைச் சோதிக்கிறோம். அதே அணுக்களைப் பப்பெயின் நொதியில் ஊறவைத்து மறுபடி சோதிக்கையில் திரட்சி மறைந்துவிட்டால், டஃபி எதிர்ப்பொருள்மீது ஐயம் வலுக்கும், ஏனெனில் அப்புரதத்தின் வெளிநீட்சியை அந்நொதி வெட்டிவிடுகிறது. இவ்வாறு டஃபி ஏ-க்கு எதிரான எதிர்ப்பொருள் உறுதியானால், டஃபி ஏ இல்லாத ரத்தத்தைத் தேடித் தருகிறோம். ஆனால் மேலே சொன்ன மாற்றத்தை இரு பெற்றோரிடமிருந்தும் பெற்றவருக்கு டஃபி பி உள்ள ரத்தத்தைப் பொதுவாகத் தவிர்க்க வேண்டியதில்லை. பிற திசுக்களில் அதை ஏற்கெனவே கொண்டிருக்கும் அவருடைய உடல், அதை அந்நியமாகக் கருதி எதிர்ப்பொருள் உண்டாக்குவதில்லை. அரிவாளணு நோயால் அடிக்கடி ரத்தம் ஏற்றிக்கொள்ளும் ஆப்பிரிக்க வழியினருக்கு, பொருத்தமான ரத்தம் தேடும் வட்டத்தை இந்த ஒரு மரபணுத் தகவல் பெரிதாக்கித் தருகிறது.