எல்லை வானொலி, ஒரு கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஆண்மை திரும்ப ஆட்டுக்கிடாவின் விரையை மனிதனுக்கு வைத்துத் தைத்த அமெரிக்க டாக்டர் பிரிங்க்லி, எல்லைக்கு அப்பாலிருந்து அமெரிக்கர்களுக்காக நடத்திய எல்லை வானொலி பற்றி நீங்கள் எழுதியதை ரசித்துப் படித்தேன். ஒன்றுதான் உறுத்தியது. நிலையம் இருந்தது மெக்ஸிகோவில், ஊர் பேசியது ஸ்பானிஷ். ஆனால் கட்டுரையில் பேசுகிறவர்கள், பாடுகிறவர்கள் எல்லோரும் ஆங்கிலக்காரர்கள். ஸ்பானிஷ் எங்கே போனது?

வாசகர், கோவில்பட்டி

அன்புள்ள நண்பருக்கு,

எங்கும் போகவில்லை. விலைபோகாத நேரத்துக்குத் தள்ளிவிட்டார்கள்.

மத்திய அலை பகலில் பக்கத்து ஊர்களோடு நின்றுவிடும். இருட்டிய பிறகு வானில் பட்டுத் திரும்பி நெடுந்தூரம் போகும். தூரத்து அமெரிக்கர்களுக்கு எட்டுவது அப்போதுதான், அதனால் காசு இரவில்தான். 1930இல் கான்ஸாஸில் வைத்திய உரிமமும் வானொலி உரிமமும் பறிபோன பிரிங்க்லி, மறு வருஷமே எல்லையாக ஓடும் ரியோ கிராண்டே ஆற்றைத் தாண்டி மெக்ஸிகோவின் வில்லா அகூன்யாவில் கடை விரித்தார். நல்ல அலைவரிசைகளை அமெரிக்காவும் கனடாவும் தங்களுக்குள் பங்கு போட்டுக்கொண்டதில் மெக்ஸிகோவுக்குக் கோபம்; அவரை வரவேற்றது. பிற்பாடு அந்த நிலையத்தின் திறன் 5 லட்சம் வாட். அமெரிக்காவில் வழக்கமான உச்சவரம்பு 50,000.

1934இல் அமெரிக்கா ஒரு சட்டம் போட்டது. தன் மண்ணில் ஸ்டுடியோ வைத்து, அனுமதியில்லாமல் வெளிநாட்டு நிலையத்துக்குக் கம்பி வழியே நிகழ்ச்சி அனுப்பக்கூடாது. அதற்கென்ன, பேச்சையும் பாட்டையும் இசைத்தட்டில் பதிந்து, தட்டைக் கையில் எடுத்துக்கொண்டு ஆற்றுப் பாலத்தைத் தாண்டினார்கள். 1941இல் வட அமெரிக்க நாடுகளுக்குள் அலைவரிசைகளைப் பங்கிடும் ஒப்பந்தம் அமலுக்கு வந்தபோது பிரிங்க்லியின் ஆட்டம் முடிந்தது. 1947இல் அதே ஊரில் வந்த எக்ஸ்இஆர்எஃப் நிலையத்திலும் இதே ஏற்பாடுதான்: பகலில் ஊர்க்காரர்களுக்கு ஸ்பானிஷ், இரவில் ஆங்கிலப் பிரசங்கிகளும் விளம்பரங்களும். இன்று அது மெக்ஸிகோ அரசு வானொலி நிறுவனத்தின் கையில், ஸ்பானிஷ் நிலையமாக.

ஆற்றுக்கு வடக்கே, அமெரிக்காவில், கணக்கு வேறு. அங்கே யாரும் வாங்காத விடிகாலையை ஸ்பானிஷ்காரர்களுக்கு மலிவாகத் தள்ளிவிட்டார்கள். நேரத்தை மொத்தமாக வாங்குபவர் விளம்பரத்தையும் தானே பிடித்துக்கொள்ள வேண்டும். இந்தக் கதையின் நாயகன் என்னைக் கேட்டால் பிரிங்க்லி அல்ல, பெத்ரோ கோன்சாலஸ். மெக்ஸிகோ புரட்சித் தளபதி பாஞ்சோ வில்லாவின் படையில் தந்தி அடித்தவர், லாஸ் ஏஞ்சலஸுக்கு வந்து துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். 1920களின் கடைசியில் பக்கத்து ஊரான பர்பேங்கின் வானொலி நிலையமொன்றில் காலை நாலு மணிக்குத் தன் குழுவோடு பாட ஆரம்பித்தார். வேறு யார் கேட்பார்கள் அந்நேரத்தில்? வயலுக்கும் கட்டட வேலைக்கும் கிளம்பும் மெக்ஸிகோக் கூலிகள்தான். அவர்களைக் கும்பல் கும்பலாக நாடுகடத்திய காலம் அது. கோன்சாலஸ் மைக்கில் அதை எதிர்த்துப் பேசினார்.

1934இல் ஒரு பாலியல் பலாத்கார வழக்கில் அவரை சான் குவென்டின் சிறைக்கு அனுப்பினார்கள். குற்றம் சாட்டிய பெண் தன் சாட்சியம் பொய் என்று பிறகு சொல்லியும் விடவில்லை. 1940இல்தான் வெளியே விட்டு, நேரே எல்லைக்கு அப்பால் அனுப்பினார்கள்.

இறக்கிவிட்ட இடத்தைப் பாருங்கள். மெக்ஸிகோ. அவர் திஹுவானாவில் குடியேறினார், மறுபடி மைக்கைப் பிடித்தார். எல்லைச் சாவடியிலிருந்து கூப்பிடு தூரத்தில் உள்ள ஊர் அது. அங்கிருந்து ஸ்பானிஷில் பேசினால் கலிஃபோர்னியாவில் கேட்கும்.