"மருமகள் எனக்குச் சோறே போடுவதில்லை": மறதி நோயும் சாப்பாடும், வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

மறதி நோய் உள்ளவர்களைப் பார்த்துக்கொள்ளும் பெங்களூரு தமிழ்க் குடும்பங்களிலிருந்து இந்த முறை வந்த கேள்விகளில் பெரும்பாலானவை சாப்பாட்டைப் பற்றியவை. "பிடிவாதம்", "அழுத்தம்", "வேணும்னே பண்றார்" என்ற வார்த்தைகள் திரும்பத் திரும்ப வருகின்றன. அந்தக் கோபம் எனக்குப் புரிகிறது. ஆனால் இவற்றில் ஒன்றுகூட வேண்டுமென்றே செய்வது இல்லை. ஒவ்வொன்றுக்கும் பின்னால் ஒரு காரணம் இருக்கிறது. அதைக் கண்டுபிடித்தால் பாதி வழி திறந்துவிடும்.

கேள்வி: மாமியாருக்கு 78 வயது, அல்சைமர். டிபன் சாப்பிட்டுக் கை கழுவிய பத்தாவது நிமிடமே "எனக்கு இன்னும் டிபன் தரலையே" என்கிறார். பக்கத்து வீட்டில் போய் "மருமகள் பட்டினி போடுகிறாள்" என்று சொல்கிறார். மனசு விட்டுப்போகிறது. (அல்சூர்)

அவர் பொய் சொல்லவில்லை. புதிதாக நடப்பதைப் பதிவு செய்யும் ஹிப்போகேம்பஸ் என்ற பகுதியைத்தான் அல்சைமர் ஆரம்பத்திலேயே தாக்குகிறது. காலையில் சாப்பிட்ட இட்லி அவர் மூளையில் பதியவே இல்லை. அதனால் "இப்பதானே சாப்பிட்டீங்க" என்று நீங்கள் சொல்லும்போது, பசியோடு இருப்பவரிடம் நீங்கள் பொய் சொல்வதாகத்தான் அவருக்குத் தோன்றும். போதாக்குறைக்கு, வயிறு நிறைந்துவிட்டது என்ற உணர்வும் சிலருக்கு மங்கிவிடுகிறது.

நான்கு இட்லி கொடுப்பவராக இருந்தால் இரண்டிரண்டாகப் பிரித்து, இரண்டாவது தடவை கேட்கும்போது மீதியைக் கொடுங்கள். சாப்பிட்ட தட்டை உடனே எடுக்காமல் கொஞ்ச நேரம் அவர் எதிரிலேயே இருக்கவிடுங்கள். சிலருக்கு அதைப் பார்த்தாலே போதும். மறுபடியும் கேட்டால் "இதோ, சட்னி அரைச்சிட்டு வரேன், அதுவரைக்கும் இதைச் சாப்பிடுங்க" என்று இரண்டு துண்டு பப்பாளி கொடுங்கள். அப்புறம் கைக்கு ஒரு வேலை வேண்டும். மார்கழியில் மார்க்கெட் முழுக்க அவரைக்காய்தானே? உரித்த பருப்பை ஊறவைத்து, ஒரு கிண்ணத்தில் போட்டு அவர் மடியில் வையுங்கள். கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்து அழுத்தினால் தோல் கையில் நிற்கும், பருப்பு வழுக்கிக்கொண்டு கிண்ணத்தில் விழும். பெயரை மறந்தவர்கள்கூட இந்தப் பிதுக்குப் பருப்பு வேலையை மறப்பதில்லை. கை பழகிய வேலை மூளையில் வேறு இடத்தில் இருக்கிறது, ரொம்ப நாள் தாங்கும்.

பக்கத்து வீட்டாரிடம் நோயின் பெயரைச் சொல்லிவிடுங்கள். மறைக்க மறைக்கத்தான் அந்தக் குற்றச்சாட்டுக்கு வலு கூடும். இவ்வளவு சாப்பிட்டும் எடை குறைந்தால் தைராய்டையும் சர்க்கரையையும் பரிசோதித்துப் பாருங்கள்.

கேள்வி: கணவருக்கு 59 வயது. இனிப்பே தொடாத மனிதர், இப்போது தினமும் மைசூர்பாகு வாங்கி வந்து ஒரே மூச்சில் தின்கிறார். ஒரு கல்யாணத்தில் பக்கத்து இலையிலிருந்து ஜாங்கிரியை எடுத்துவிட்டார். ஞாபகம் நன்றாகத்தான் இருக்கிறது. வேலை டென்ஷன் என்கிறார்கள். (பானஸ்வாடி)

டென்ஷன் என்று விட்டுவிடாதீர்கள். 65 வயதுக்கு முன்பு, ஞாபகம் பெரிதாகக் கெடாமல், குணமும் கூச்சமும் சாப்பாட்டுப் பழக்கமும் மாறினால் ஃப்ரான்டோ டெம்போரல் டிமென்ஷியா என்ற வகை மறதி நோயா என்று பார்த்தாக வேண்டும். நெற்றிக்குப் பின்னால் இருக்கும் மூளைப் பகுதியும் பக்கவாட்டுப் பகுதியும் அதில் சுருங்குகின்றன. 2011-இல் வெளியான சர்வதேச வரையறையில், இனிப்பு மீது புதிதாக வரும் வெறியும் அளவில்லாமல் சாப்பிடுவதும் இந்த நோயின் அடையாளங்களாகவே குறிக்கப்பட்டிருக்கின்றன. ஓசூர் ரோட்டு நிம்ஹான்ஸிலோ வேறு நல்ல நரம்பியல் மருத்துவரிடமோ காட்டுங்கள். போகும்போது என்னென்ன மாறியது, எப்போதிலிருந்து என்று ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள். அவர் முன்னால் வைத்து எல்லாவற்றையும் சொல்ல உங்களுக்கு வாய் வராது.

அறிவுரை இங்கே வேலை செய்யாது. "வேண்டாம்" என்று தடுக்கும் பகுதிதான் அடிபட்டிருக்கிறது. இனிப்பை வீட்டில் வைக்காமல் இருப்பது, வழக்கமாக வாங்கும் கடைக்காரரிடம் சொல்லிவைப்பது, சாப்பாட்டைத் தட்டில் அளவாகப் போட்டுப் பாத்திரங்களை உள்ளே வைத்துவிடுவது, இவைதான் பலன் தரும்.

இதே பதிலை எல்லா வீட்டிலும் பின்பற்ற வேண்டாம். அல்சைமரில் வாசனை தெரிவது சீக்கிரமே குறைகிறது. சாம்பாரும் ரசமும் மண் மாதிரி இருக்கின்றன என்பார்கள், இனிப்பு மட்டும் நாக்குக்குத் தெரியும். எடை குறைந்துகொண்டே போகும் 80 வயதுப் பாட்டி அடைக்கு வெல்லம் தொட்டுச் சாப்பிட்டால் சந்தோஷமாகக் கொடுங்கள். சர்க்கரை நோய் இருந்தாலும் கெடுபிடி ஓரளவுக்குத்தான். நினைவுத் திறன் குறைந்த முதியவர்களுக்கு எச்பிஏ1சி (சுமார் மூன்று மாதச் சராசரி சர்க்கரையைக் காட்டும் ரத்தப் பரிசோதனை) 8 சதவீதத்துக்குள் இருந்தால் போதும் என்று அமெரிக்க நீரிழிவு சங்கமே சொல்கிறது. சர்க்கரை மாத்திரையைப் போட்டுவிட்டுச் சாப்பிடாமல் இருந்து, சர்க்கரை திடீரென்று இறங்கிவிடுவதுதான் இவர்களுக்கு உடனடி ஆபத்து.

கேள்வி: அம்மா சாப்பிட உட்காருவதே இல்லை. "அவர் இன்னும் வரலையே, அவர் சாப்பிடாம நான் எப்படி?" என்கிறார். அப்பா போய் ஆறு வருடமாகிறது. ஒவ்வொரு தடவையும் அதைச் சொன்னால் புதிதாகக் கேட்பது போல அழுகிறார். (மல்லேஸ்வரம்)

சொல்வதை இன்றோடு நிறுத்திவிடுங்கள். ஒவ்வொரு முறையும் அவருக்கு அது முதல் சாவு. ஐம்பது வருடம் புருஷனுக்குப் பரிமாறிவிட்டுச் சாப்பிட்ட கைகள் அவை. அந்தப் பழக்கம் மட்டும் மிச்சம் இருக்கிறது. "அப்பா சாப்பிட்டாச்சும்மா, உன்னைச் சாப்பிடச் சொன்னார்" என்று சொல்லுங்கள். பொய் சொல்கிறோமே என்று உறுத்த வேண்டாம். இன்னொரு வழியும் உண்டு: கரண்டியை அவர் கையில் கொடுத்து உங்களுக்குப் பரிமாறச் சொல்லுங்கள், அப்புறம் "நீயும் உட்காரும்மா" என்று கூப்பிடுங்கள். வீட்டில் ஒருவருக்குப் போட்டாகிவிட்டது என்றதும் பல அம்மாக்கள் தாமாகவே உட்கார்ந்துவிடுவார்கள்.

தினமும் இன்றைக்கு ஏகாதசி என்று பட்டினி கிடக்கும் பாட்டியைப் பற்றி ஜெயநகரிலிருந்து எழுதியவருக்கும் இதே வழிதான். வாதாடாதீர்கள். "நேத்திக்கு ஏகாதசி, இன்னிக்குத் துவாதசி பாரணை" என்று காலையில் இலை போட்டுவிடுங்கள்.

கேள்வி: அப்பாவுக்குப் பக்கவாதம் வந்த பிறகு மறதி. தட்டில் வலது பக்கம் இருப்பதை மட்டும் சாப்பிட்டுவிட்டு "இன்னும் போடு" என்கிறார். இடது பக்கம் அப்படியே இருக்கிறது. பிடிக்கவில்லையா? (ராமமூர்த்தி நகர்)

அவருக்கு அது தெரியவில்லை. மூளையின் வலது பக்கம் அடிபட்டால் இடது பக்கத்து உலகமே கவனத்தில் இருக்காது. கண் நன்றாக இருந்தாலும் அப்படித்தான். பாதி முடிந்ததும் தட்டைத் திருப்பி வையுங்கள், அவ்வளவுதான்.

தட்டைப் பற்றி இன்னொன்று. பளபளக்கும் எவர்சில்வர் தட்டில் டியூப்லைட் வெளிச்சம் விழுந்தால் இவர்களுக்குச் சோறு எது, வெளிச்சம் எது என்று பிரியாது. வெள்ளைத் தட்டில் தயிர்சாதமும் அப்படியே. போஸ்டன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2004-இல் வெளியிட்ட ஆய்வில், முற்றிய அல்சைமர் உள்ளவர்களுக்கு வெள்ளைத் தட்டு, டம்ளருக்குப் பதிலாகச் சிவப்பு வைத்தபோது சாப்பாடு சுமார் 25 சதவீதம் கூடியது. ஒன்பது பேரை வைத்துச் செய்த சிறிய ஆய்வுதான், ஆனாலும் செலவில்லாமல் செய்து பார்க்கலாம். நம் வாழையிலையே இதற்கு நன்றாக உதவும், பச்சையில் வெள்ளைச் சோறு பளிச்சென்று தெரியும். இலை நிறையப் பரிமாறாமல், ஒரு நேரத்தில் ஒன்றிரண்டு மட்டும் வையுங்கள்.

கேள்வி: தாத்தா பிறந்ததிலிருந்து சைவம். வேலைக்கு இருக்கும் பையன் ஆம்லெட் சாப்பிடுவதைப் பார்த்து அதைப் பிடுங்கிச் சாப்பிட்டிருக்கிறார். இப்போது தினமும் கேட்கிறார். கொடுக்கலாமா? (மல்லேஸ்வரம்)

இதற்கு மருத்துவத்தில் பதில் இல்லை, என் அபிப்பிராயத்தைச் சொல்கிறேன். முட்டையால் உடம்புக்குக் கெடுதல் இல்லை. ஆனால் 80 வருடம் ஒருவர் காத்த நியமத்தை, அவர் தன்னைக் காத்துக்கொள்ள முடியாத நேரத்தில் நாம் காப்பாற்ற வேண்டும் என்றுதான் நினைக்கிறேன். அந்தப் பையனை அவர் கண்ணில் படாமல் சாப்பிடச் சொல்லுங்கள். மஞ்சள் நிறத்தில், சூடாக, மெத்தென்று ஒரு கடலை மாவு தோசை கொடுத்துப் பாருங்கள். பெரும்பாலும் கண் கேட்பது அதைத்தான். அவர் வேறு எதையும் தொடாமல் மெலிந்துகொண்டே போகிறார் என்றால் என் பதில் மாறும். அப்போது கொடுத்துவிடுங்கள்.

கேள்வி: பூஜை அறையில் கற்பூரத்தை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார். கல்கண்டு என்று நினைத்திருக்கலாம். பயப்பட வேண்டுமா? (ஸ்ரீராமபுரம்)

கண்டிப்பாக. கற்பூரம் வயிற்றுக்குள் போனால் சீக்கிரமே வலிப்பு வரலாம். வாந்தி எடுக்க வைக்காமல் நேராக ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போங்கள். கற்பூரம், அந்துருண்டை, சோப்பு, பினாயில், மாத்திரை டப்பா எல்லாம் இன்றே பூட்டுக்குள் போக வேண்டும்.

கேள்வி: அம்மா சோற்றைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு விழுங்குவதே இல்லை. தண்ணீர் குடித்தால் இருமுகிறார். ராகி முத்தே (ராகிக் களி உருண்டை) உடம்புக்கு நல்லது என்று கொடுக்கிறோம். (விவேக் நகர்)

முத்தேயை உடனே நிறுத்துங்கள். அது மெல்லாமல் அப்படியே விழுங்குவது. விழுங்கும் தசைகள் ஒழுங்காக வேலை செய்யாதவருக்குத் தொண்டையில் அடைத்துக்கொள்ளும். அதே ராகியைக் கெட்டிக் கூழாக, கரண்டியிலிருந்து மெதுவாக வழியும் பதத்தில் கொடுக்கலாம்.

இருமல், சாப்பிட்ட பின் குரல் நீர் கோத்தது போல் கரகரப்பது, அடிக்கடி காய்ச்சல், சளி, இவையெல்லாம் சாப்பாடு நுரையீரலுக்குள் போவதன் அறிகுறிகள். விழுங்கும் சிகிச்சை தெரிந்த ஸ்பீச் தெரபிஸ்ட் ஒருவரிடம் அவசியம் காட்டுங்கள். ரொம்பத் தண்ணியாக இருப்பதும், தண்ணியும் கட்டியும் கலந்ததும்தான் சிரமம். ரசத்தில் மிதக்கும் சோறும் சேமியா பாயசமும் அந்த ரகம். குழைய வடித்துப் பிசைந்த பருப்பு சாதம், கெட்டித் தயிர் விட்டு மசித்த சாதம் எல்லாம் சுலபமாக இறங்கும். முறுக்கு, வேர்க்கடலை, உதிரும் புட்டு வேண்டாம்.

படுக்க வைத்து ஊட்டாதீர்கள். நேராக உட்கார வைத்து, மோவாய் கொஞ்சம் தாழ்ந்திருக்க, டீஸ்பூனில் ஊட்டுங்கள். ஒரு வாய் விழுங்கியாயிற்று என்று தொண்டை அசைவதைப் பார்த்த பிறகுதான் அடுத்த வாய். முடிந்ததும் கன்னத்துக்குள் மிச்சம் இருக்கிறதா என்று பார்த்து வாயைத் துடைத்துவிட்டு, அரை மணி நேரம் உட்கார்ந்தே இருக்கட்டும். டிவியை அணைத்துவிடுங்கள். பல் வலியோ வாய்ப்புண்ணோ இருக்கிறதா என்றும் பாருங்கள், இவர்களால் அதைச் சொல்ல முடியாது.

கேள்வி: நான் ஊட்டினால் சாப்பிடும் அம்மா, ஒடிசாவிலிருந்து வந்திருக்கும் ஆயா ஊட்டினால் வாயே திறப்பதில்லை. (இந்திரா நகர்)

மறதி நோயில் பிற்பாடு கற்ற மொழிகள்தான் பெரும்பாலும் முதலில் போகின்றன. நாற்பது வருடம் கன்னடமும் இந்தியும் பேசியவர்கூடக் கடைசியில் தமிழுக்கு வந்துவிடுவார். ஆயாவுக்கு "அம்மா, ஆ காட்டுங்க", "சூடா இல்லை", "போதுமா?", "தண்ணி வேணுமா?" என்ற நான்கையும் சொல்லிக் கொடுங்கள். நின்றபடி ஊட்டாமல் அம்மாவின் முகத்துக்கு நேராக உட்காரச் சொல்லுங்கள். ஸ்பூனை அம்மா கையில் பிடிக்கவைத்து, அந்தக் கையை ஆயா தாங்கிக்கொண்டால் இன்னும் நல்லது.

கேள்வி: புது மாத்திரை ஆரம்பித்ததிலிருந்து பசியே இல்லை. மாத்திரையையும் துப்புகிறார், அதனால் பொடித்துத் தயிர்சாதத்தில் கலக்கிறோம். (காக்ஸ் டவுன்)

மறதி நோய்க்குத் தரும் டோனெபெசில், ரிவாஸ்டிக்மின் மாத்திரைகள் சிலருக்குக் குமட்டலும் பசியின்மையும் தரும். டாக்டரிடம் சொன்னால் அளவைக் குறைப்பார், ரிவாஸ்டிக்மின் என்றால் தோலில் ஒட்டும் பேட்சாக மாற்றித் தருவார். கேட்காமல் பொடிக்காதீர்கள். மெதுவாகக் கரைய வேண்டிய மாத்திரையைப் பொடித்தால் முழு மருந்தும் ஒரேயடியாக உடம்பில் ஏறும். கசப்பு தெரிந்துவிட்டால் "சோத்துல ஏதோ கலக்கிறாங்க" என்ற சந்தேகம் வந்து தயிர்சாதமும் போய்விடும்.

கேள்வி: வல்லாரை, தேங்காய் எண்ணெய் கொடுத்தால் ஞாபகம் திரும்புமா? (ஜெயநகர்)

திரும்பும் என்பதற்கு ஆதாரம் இல்லை. வல்லாரைத் துவையல் பிடித்தால் சாப்பிடட்டும். தேங்காய் எண்ணெயை ஸ்பூன் ஸ்பூனாகக் குடிக்க வைக்க வேண்டாம். அதற்குப் பதில் ரத்தத்தில் வைட்டமின் பி12 அளவைப் பாருங்கள். சைவம் மட்டும் சாப்பிடுபவர்களுக்கும், பல வருடம் மெட்ஃபார்மின் என்ற சர்க்கரை மாத்திரை எடுப்பவர்களுக்கும் அது குறையும். அதனால் வரும் மறதியைச் சரிசெய்ய வழி உண்டு.

கேள்வி: அப்பாவுக்கு 84 வயது, பத்து வருட நோய், இப்போது படுத்த படுக்கை. வாயைத் திறப்பதில்லை. வயிற்றில் டியூப் போடச் சொல்கிறார்கள். போடாவிட்டால் பட்டினி போட்டுக் கொல்வதாக அக்கா அழுகிறாள். (சிவாஜி நகர்)

முதலில் இது திடீரென்று வந்ததா என்று பாருங்கள். நேற்று வரை சாப்பிட்டவர் இன்று மறுத்தால் சிறுநீர்த் தொற்று, மலச்சிக்கல், வலி, புது மருந்து ஏதாவது இருக்கலாம், அதற்கு வைத்தியம் உண்டு. குணமாகும் வரை சில நாள் மூக்கு வழியே டியூப் போடுவதிலும் தப்பில்லை.

மாதக்கணக்கில் படிப்படியாகக் குறைந்து வந்திருக்கிறது என்றால் விஷயம் வேறு. முற்றிய மறதி நோயில் டியூப் போடுவதை அமெரிக்க முதியோர் மருத்துவ சங்கம் 2014-இலேயே பரிந்துரைக்கவில்லை. டியூப் ஆயுளைக் கூட்டுவதாகத் தெரியவில்லை, நிமோனியாவையும் தடுப்பதில்லை, ஏனென்றால் எச்சிலும் வயிற்றிலிருந்து மேலே வருவதும் நுரையீரலுக்குள் போய்க்கொண்டுதான் இருக்கும். டியூப்பைப் பிடுங்கிவிடுவார் என்று கையைக் கட்டிப்போடும் நிலையும் வரும். உடம்பு கடைசிக் கட்டத்துக்கு வந்ததால்தான் சாப்பாடு நிற்கிறது. சாப்பாடு நின்றதால் அந்தக் கட்டம் வரவில்லை. இதை உங்கள் அக்காவிடம் மெதுவாக, ஒரு தடவைக்கு மேல் சொல்ல வேண்டியிருக்கும்.

டியூப் வேண்டாம் என்றால் பட்டினி என்று அர்த்தமில்லை. அவர் விழித்திருக்கும் நேரத்தில், நிமிர்த்தி உட்கார வைத்து, பிடித்ததை ஒரு ஸ்பூன், இரண்டு ஸ்பூன் கொடுங்கள். வாயை மூடினால் நிறுத்திவிட்டு ஒரு மணி நேரம் கழித்துப் பாருங்கள். பெரும்பாலும் பசி இருக்காது, வாய் வறட்சிதான் வாட்டும். ஈரப் பஞ்சால் வாயை அடிக்கடி துடைத்து, உதட்டில் வாசலின் தடவுங்கள். இதை அக்காவே செய்யட்டும். டியூப் போடுவதா என்று முடிவெடுக்கும் முன் பாலியேட்டிவ் கேர் (வலியையும் அவதியையும் தணிக்கும் சிகிச்சை) மருத்துவர் ஒருவரை, நீங்கள் இருவரும் சேர்ந்து, அப்பாவின் ரிப்போர்ட்டுகளோடு போய்ப் பாருங்கள். எங்கே கேட்பது என்று தெரியாவிட்டால் முதியோர் உதவி எண் 14567-ஐ அழையுங்கள், கட்டணம் கிடையாது.