வைக்கோல் கரடியும் ஜனவரி மாதத்துப் பசியும்

அன்புள்ள ஐயா,

நான் இங்கிலாந்தில் பீட்டர்பரோ நகரில் வசிக்கிறேன். பக்கத்து ஊரான விட்டில்சியில் ஜனவரியில் நடக்கும் வைக்கோல் கரடித் திருவிழாவுக்குக் குடும்பத்தோடு போயிருந்தோம். உடல் முழுவதும் வைக்கோல் கட்டிய ஒருவரைக் கயிறு பிடித்துத் தெருத்தெருவாக ஆட விட்டு அழைத்துச் சென்றார்கள். கிறிஸ்தவத்துக்கு முந்தைய வளமைச் சடங்கின் எச்சம் இது என்று அருகில் நின்ற ஒருவர் சொன்னார். அது உண்மைதானா? வேடிக்கை என்பதற்கு மேல் இத்தகைய வழக்கங்களுக்குச் சமூக வரலாற்றில் இடம் உண்டா?

கே.

அன்புள்ள கே.,

பிரிட்டனின் எந்த நாட்டார் விழாவுக்குப் போனாலும் அந்த விளக்கத்தைச் சொல்ல ஒருவர் இருப்பார். அது பரவலானது மானிடவியலாளர் ஜேம்ஸ் ஃப்ரேசர் 1890 முதல் எழுதிய நூல்களுக்குப் பிறகுதான். ஐரோப்பியக் குடியானவர்களின் ஆட்டங்களும் வேடங்களும் பழைய பயிர்த் தெய்வ வழிபாட்டின் மிச்சம் என்று அவர் கருதினார். அவருக்குப் பின்வந்த நாட்டார் வழக்கச் சேகரிப்பாளர்களில் பலர், கிராமத்து மக்கள் தங்களுக்கே பொருள் விளங்காத ஒன்றைச் சுமந்து வருகிறார்கள் என்று நம்பியதால், ஆடியவர்கள் எதற்காக ஆடினார்கள் என்பதை அவர்களிடமே கேட்கத் தவறினார்கள். ஆவணங்கள் வேறு கதை சொல்கின்றன. குழுவாக ஆடும் ஆங்கில நாட்டார் ஆட்டமான மோரிஸ் நடனம் பற்றி இங்கிலாந்தில் கிடைத்துள்ள மிகப் பழைய குறிப்பு, 1448இல் லண்டன் பொற்கொல்லர் சங்கம் ஆட்டக்காரர்களுக்குப் பணம் கொடுத்த கணக்கு. உங்கள் வைக்கோல் கரடியைப் பற்றிய விவரங்களோ பத்தொன்பதாம் நூற்றாண்டைச் சேர்ந்தவை.

சமூக வரலாற்றில் இவற்றுக்கு இடம் உண்டா என்ற உங்கள் இரண்டாவது கேள்விதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. பெரிய இடம் உண்டு என்பதே என் உறுதியான எண்ணம். ஆனால் அதைக் காண, தெய்வத்தைத் தேடுவதை விட்டுவிட்டு, எந்த நாளில், யார், யார் வீட்டு வாசலில் போய் நின்றார்கள் என்று பார்க்க வேண்டும்.

கரடி வந்தது ஏர்த் திங்களுக்கு மறுநாள். ஜனவரி 6ஆம் தேதி வரும் திருக்காட்சித் திருநாளுக்கு அடுத்த திங்கட்கிழமையே ஏர்த் திங்கள். கிறிஸ்துமஸ் ஓய்வு முடிந்து உழவு தொடங்க வேண்டிய நாள் அது. ஆனால் நிலம் உறைந்து கிடந்தால் உழவும் இல்லை, கூலியும் இல்லை. பதினாறாம் நூற்றாண்டின் சமயச் சீர்திருத்தத்துக்கு முன், ஊரில் ஏரை இழுத்துச் சென்று திரட்டிய பணம் ஆலயத்துக்குப் போனது. பிற்காலத்தில் அது இழுத்தவர்களின் கைக்கே வந்தது. முகத்தில் கரி பூசி, ஒருவர் பெண்வேடமிட, இளம் உழவர்கள் மாடு இல்லாத ஏரைத் தாங்களே இழுத்துக்கொண்டு பண்ணைக்காரர்களின் வீடுகளுக்குப் போய்க் காசும் பீரும் கேட்டார்கள். கொடுக்க மறுத்தவரின் வாசலை அந்த ஏராலேயே உழுதுவிடுவதும் உண்டு. ஆண்டு முழுவதும் எந்த வேலையை வாங்கிக்கொண்டீர்களோ அதே வேலையை இன்று உங்கள் முற்றத்தில் செய்து காட்டுகிறோம் என்று அறிவிப்பதைப் போன்ற செயல் இது. இதை விளையாட்டு என்று மட்டும் சொல்லி நகர்ந்துவிட என்னால் முடியவில்லை. வைக்கோல் கரடியும் காசுக்காகவும் உணவுக்காகவும் பீருக்காகவுமே வீடு வீடாக ஆடியது. அதனால்தான் 1909இல் உள்ளூர்க் காவல் அதிகாரி அதை இரந்து திரிதல் என்று கூறித் தடுத்தார். நீங்கள் பார்த்தது 1980இல் மீட்டெடுக்கப்பட்ட வடிவம்.

மோரிஸ் நடனத்தின் மறுமலர்ச்சிக்குப் பின்னாலும் இதே குளிர்காலம்தான் இருக்கிறது. 1899ஆம் ஆண்டு கிறிஸ்துமஸுக்கு மறுநாள், ஆக்ஸ்ஃபோர்டை அடுத்த ஹெடிங்டனில் இசையாசிரியர் செசில் ஷார்ப் தங்கியிருந்த வீட்டின் முன் ஓர் ஆட்டக் குழு வந்து நின்றது. கான்செர்டினா என்ற சிறு துருத்தி இசைக்கருவியை வாசித்த வில்லியம் கிம்பர் ஒரு கொத்தனார். கோடையின் தொடக்கத்தில் வரும் பெந்தெகோஸ்தே திருநாள் காலத்தில் ஆட வேண்டியவர்கள் பருவம் தப்பி வந்ததற்குக் காரணம், குளிரால் கட்டட வேலை நின்றுபோயிருந்ததே. ஷார்ப் மறுநாள் கிம்பரை வரவழைத்து மெட்டுகளை எழுதிக்கொண்டார்; 1911இல் ஆங்கில நாட்டார் நடனச் சங்கத்தையும் நிறுவினார். அந்தப் பணிக்கு நாம் நன்றியுடையவர்களாக இருக்க வேண்டும். ஆயினும் பள்ளிகளுக்குப் போன நடனம், வேலையிழந்த கொத்தனார்களின் குளிர்கால வருமானம் என்ற தன் பொருளை வாசலிலேயே விட்டுச் சென்றது என்பதையும் சொல்லியாக வேண்டும்.

வழக்கம் என்பது உரிமையாகவே இருந்ததற்கு வில்ட்ஷரில் உள்ள கிரேட் விஷ்ஃபோர்டைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரிந்து இல்லை. அவ்வூர் மக்களுக்கு குரோவ்லி காட்டில் விறகு எடுக்கும் உரிமை உண்டு. 1603ஆம் ஆண்டு ஆவணம் ஒன்று அந்த உரிமைகளைப் பதிவுசெய்வதோடு, ஊரார் ஆண்டுதோறும் ஆடிக்கொண்டே சாலிஸ்பரி பேராலயத்துக்குப் போய், 'குரோவ்லி, குரோவ்லி, எல்லாமே குரோவ்லி' என்ற பொருள்பட முழங்கித் தங்கள் வழக்கத்தைக் கோர வேண்டும் என்றும் சொல்கிறது. ஆட்டமே அங்கே உரிமைக்கோரிக்கை. அதை நிறுத்தினால் உரிமையைக் கைவிட்டதாக நிலப்பிரபு வாதிட இடம் கிடைத்துவிடும். ஏழைகளில் பலருக்கு எழுதப் படிக்கத் தெரியாத ஊரில், ஆண்டுக்கு ஒருமுறை எல்லோர் கண்ணிலும் படும்படி செய்வதே பத்திரமாக இருந்தது. எல்லைக் கற்களுக்குச் சிறுவர்களை அழைத்துச் சென்று, நினைவில் பதிவதற்காக அவர்களைக் கல்லில் முட்டவும் செய்த எல்லை நடைக்கும் இதே தேவைதான்: 1601ஆம் ஆண்டு ஏழையர் சட்டத்துக்குப் பிறகு, ஒவ்வொரு பங்கும் (ஓர் ஆலயத்துக்கு உட்பட்ட ஊர்ப் பகுதி) தன் ஏழைகளைத் தானே காக்க வேண்டியிருந்ததால், எல்லை எங்கே முடிகிறது என்பது சோற்றுப் பிரச்சினையாகிவிட்டது.

இதனால் எல்லா வழக்கங்களும் எளியவர் பக்கம் நின்றன என்று நான் சொல்லவில்லை. கணவனை அடக்கி ஆள்வதாகப் பேசப்பட்ட மனைவியின் வீட்டு முன் சட்டிபானைகளைத் தட்டி அவமானப்படுத்திய வழக்கமும் இந்த மக்களுடையதே. முகத்தில் கரி பூசியது முதலாளிக்கு அடையாளம் தெரியாமலிருக்க என்று சொல்வது பொருத்தமாக இருந்தாலும், கறுப்பின மக்களை ஏளனம் செய்த பத்தொன்பதாம் நூற்றாண்டு மேடைகளின் சாயலும் சில இடங்களில் அதில் கலந்தது. மோரிஸ் அமைப்புகள் 2020இல் முழு முகத்துக்கும் கருப்புப் பூசுவதைக் கைவிட முடிவெடுத்தது சரியானது என்றே கருதுகிறேன்.

விஷ்ஃபோர்டுக்காரர்கள் 1892இல் தங்களுக்கென ஒரு சங்கம் அமைத்து, 'ஒற்றுமையே வலிமை' என்ற தொழிலாளர் முழக்கத்தையே கொடியில் எழுதிக்கொண்டார்கள். இப்போது அந்த ஆட்டம் நடக்கும் நாள் மே 29. வாய்ப்பிருந்தால் அன்று சாலிஸ்பரிக்குக் குடும்பத்தோடு போய் வாருங்கள். பெண்கள் விறகுக் கட்டுகளைச் சுமந்தபடி பேராலயத்தின் முன் ஆடுவதைப் பார்க்கலாம்.