வாசகர் கேள்வி பதில்: தொடர்கதைக்குப் பின்னால இருந்த பதிப்பாளர்கள்

கல்லூரி மாணவி, திருநெல்வேலி: பழைய இங்கிலீஷ் நாவல்ல நிறைய முதல்ல பத்திரிகைத் தொடராதான் வந்துச்சாமே? எழுதுனவங்களைத் தெரியுது, பத்திரிகை போட்ட பதிப்பாளர்களைப் பத்தி யாருமே பேசறதில்லையே, ஏன்?

பேசணும்ங்க, அவங்க இல்லாம அந்தக் கதைங்களே இல்ல. இங்கிலீஷ் நாவலாசிரியர் டிக்கன்ஸையே எடுத்துக்குங்க. 1850ல 'ஹவுஸ்ஹோல்ட் வேர்ட்ஸ்' ஆரம்பிச்சப்ப அவருக்குப் பாதிப் பங்கு, பிராட்பரி அண்ட் எவன்ஸ் பதிப்பகத்துக்குக் கால் பங்கு. வாரப் பத்திரிகை, விலை ரெண்டு பென்னி, படம் கிடையாது, எழுதுனவங்க பேரும் கிடையாது, ஆனா இதழைப் புரட்டுனா பக்கத்து உச்சியில 'நடத்துபவர் சார்லஸ் டிக்கன்ஸ்'னு மட்டும் இருக்கும். 1858ல மனைவியைப் பிரிஞ்சப்ப வதந்தி பரவுச்சு, இவர் ஒரு விளக்கம் எழுதி தன் பத்திரிகையில போட்டார், அதே பதிப்பகத்தோட 'பஞ்ச்'லயும் வரணும்னு எதிர்பார்த்தார், அதுவோ நகைச்சுவைப் பத்திரிகை, அவங்க போடல. அதோட உறவு முறிஞ்சுது. 1859 மே மாசம் 'ஹவுஸ்ஹோல்ட் வேர்ட்ஸ்' ஏலத்துக்கு வந்து டிக்கன்ஸே 3,550 பவுண்டுக்கு எடுத்து, ஏப்ரல் 30லயே தொடங்கியிருந்த தன்னோட 'ஆல் தி இயர் ரவுண்ட்'ல சேர்த்துக்கிட்டார். பிராட்பரி அண்ட் எவன்ஸும் சும்மா இருக்கல, மில்லே, டென்னியல் மாதிரி பெரிய ஓவியர்களை வச்சு ஜூலையிலயே 'ஒன்ஸ் எ வீக்'னு படம் போட்ட போட்டிப் பத்திரிகை இறக்குனாங்க.

என்னைக் கேட்டா நியாயம் பதிப்பாளர் பக்கம்தான். வீட்டு விஷயத்தை ஊர் முன்னால வச்சது தப்பு, அதைப் போடலைன்னு கோவிச்சது அதைவிடத் தப்பு. ஆனா வாசகருக்கு அடிச்சது யோகம், புதுப் பத்திரிகையை நிலைநிறுத்தணுமேன்னு 'எ டேல் ஆஃப் டூ சிட்டீஸ்' எழுதுனார், அது முடிஞ்ச அதே இதழ்ல வில்கி காலின்ஸோட 'தி வுமன் இன் ஒயிட்' ஆரம்பம்!

வாசகர், மதுரை: தொடர் எடுபடலைன்னா என்ன செய்வாங்க?

1860ல சார்லஸ் லீவர் எழுதுன தொடரால 'ஆல் தி இயர் ரவுண்ட்' விற்பனை இறங்குச்சு. அவரைப் பாதியில நிறுத்தல, ஆனா மாசப் பகுதிகளா தனியா போடலாம்னு வச்சிருந்த 'கிரேட் எக்ஸ்பெக்டேஷன்ஸ்'ஸை டிக்கன்ஸ் வாரத் தொடரா மாத்தி டிசம்பர்ல இறக்கிட்டார், விற்பனை தூக்கிடுச்சு. வாராவாரம் வாசகனை இழுத்துப் பிடிக்கணும்ல, அந்த நாவலோட வேகத்துக்கு அதுவும் ஒரு காரணம்னு நான் நினைக்கிறேன்.

வாசகி, சேலம்: எழுத்தாளருக்கு நல்ல காசு கொடுத்த பதிப்பாளர் யாராவது உண்டா?

ஜார்ஜ் ஸ்மித். ஸ்மித் எல்டர் கம்பெனி முதலாளி. 1860 ஜனவரியில நாவலாசிரியர் தாக்கரேயை ஆசிரியரா வச்சு 'கார்ன்ஹில்' மாத இதழ் தொடங்குனார், ஒரு ஷில்லிங் விலை, முதல் இதழே 1 லட்சத்துக்கு மேல போச்சு. ஜார்ஜ் எலியட்டுங்கிற பேர்ல எழுதுன மேரி ஆன் எவன்ஸ்கிட்ட 'ரொமோலா' நாவலுக்கு 10,000 பவுண்டு தர்றேன்னார், அந்தக் காலத்துல அது மலைக்க வைக்கிற தொகை. ஸ்மித் கேட்ட மாதிரி கதையை 16 துண்டா வெட்ட அந்தம்மாவுக்கு மனசு வரல, 7,000 போதும்னுட்டாங்க. 1862ல தொடர் ஆரம்பிச்சுது, ஆனா எதிர்பார்த்த அளவு பத்திரிகைக்கு விற்பனை ஏறல. ஸ்மித்துக்கு நஷ்டமாச்சேன்னு அப்புறம் 'பிரதர் ஜேக்கப்' கதையை ஒரு பைசா வாங்காம 'கார்ன்ஹில்'லுக்குக் கொடுத்தாங்க, 1864ல வந்துச்சு.