இதய நோய் உள்ள பூனைக்கு ராத்திரியில் மூச்சு வாங்கினால்?

கேள்வி: எங்கள் பாரசீகப் பூனைக்கு ஆறு வயது. எக்கோ எடுத்துப் பார்த்து, இதயத் தசை தடித்திருக்கிறது என்று லாசிக்ஸ் மாத்திரை கொடுத்திருக்கிறார்கள். ராத்திரி திடீரென்று மூச்சு வாங்கினால் வீட்டில் என்ன செய்வது? வீட்டுக்கே வந்து குளுக்கோஸ் ஏற்றுபவர் ஒருவர் இருக்கிறார், கூப்பிடலாமா?

பதில்: கூப்பிடாதீர்கள். இதயம் தளர்ந்த பூனைக்கு மூச்சு வாங்குவதே நுரையீரலிலோ அதைச் சுற்றியோ நீர் கோத்துக்கொள்வதால்தான், லாசிக்ஸ் கொடுப்பதும் அதை இறக்கத்தான், அதற்கு மேல் ஒரு பாட்டில் ஏற்றினால் என்ன ஆகும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள். "சோர்ந்து கிடக்கு, ஒரு பாட்டில் போட்டா எழுந்துக்கும்" என்று பையைத் தூக்கிக்கொண்டு வருகிறவரிடம் கால்நடை மருத்துவர் பதிவு எண் கேட்டுப் பாருங்கள், பாதிப் பேர் பேச்சை மாற்றுவார்கள். இவர்களேதான் "சளி" என்று சொல்லி நாள்பட வேலை செய்கிற ஸ்டீராய்டு ஊசியும் போடுவார்கள். அதுவும் இதயத்துக்கு ஆபத்து.

வீட்டில் செய்ய வேண்டியது கொஞ்சம்தான். கொஞ்சாமல், மடியில் வைக்காமல், அது குந்தியிருக்கிற வாக்கிலேயே காற்றோட்டமான கூண்டில் வைத்துக் கிளம்புங்கள். மல்லாத்தக் கூடாது, வாயில் தண்ணீர் ஊற்றக் கூடாது. பாரசிட்டமால் பூனைக்கு விஷம். கூடுதல் லாசிக்ஸ், மருத்துவர் முன்கூட்டியே அளவு எழுதிக் கொடுத்திருந்தால் மட்டும், அதுவும் மல்லுக்கட்டாமல் விழுங்கினால்தான்.

வாய் திறந்து இரைக்கும் வரை காத்திருக்காதீர்கள். தூங்கும்போது நெஞ்சு ஏறி இறங்குவதை ஒன்று என்று எண்ணுங்கள், நிமிடத்துக்கு 30-ஐத் தாண்டிக்கொண்டே இருந்தால் போன் செய்துவிடுங்கள். நாய் மாதிரி இருமிக் காட்டும் என்று நினைக்காதீர்கள், இதயக் கோளாறில் பூனை அநேகமாக இருமாது.

ஒன்று மட்டும் வேறு மாதிரி வரும். திடீரென்று அலறிக்கொண்டு பின்னங்கால்களை இழுத்துக்கொண்டு நகரும். மாடியிலிருந்து விழுந்துவிட்டது என்று எண்ணெய் தேய்த்து நீவிவிடுகிறவர்கள் உண்டு. நீவாதீர்கள், ஒத்தடமும் வேண்டாம். முன்னங்காலையும் பின்னங்காலையும் தொட்டுப் பாருங்கள்: பின்னங்கால் சில்லென்று இருந்து, பாதத்தின் அடிப்பஞ்சு வெளிறியோ நீலமாகவோ இருந்தால் இதயத்தில் உருவான ரத்தக்கட்டி அங்கே போய் அடைத்திருக்கிறது. ஒரு கால் மட்டும் இப்படி ஆவதும் உண்டு. தாங்க முடியாத வலி அது, வலிமருந்து உடனே வேண்டும், விடியட்டும் என்று இருக்காதீர்கள்.

அப்புறம், போர்டில் 24 மணி நேரம் என்று எழுதிவிட்டு ராத்திரி உதவியாளரை மட்டும் உட்கார வைக்கிற இடங்களை நம்பிப் போகாதீர்கள். இன்றைக்கே போன் செய்து, ராத்திரியில் மருத்துவர் இருப்பாரா, ஆக்சிஜன் உண்டா, நெஞ்சில் கோத்த நீரை ஊசி போட்டு எடுப்பார்களா என்று கேட்டு வையுங்கள். போன உடனே சீட்டு, எடை, எக்ஸ்ரே என்று அலையவிடுவார்கள். மூச்சுக்குத் திணறுகிற பூனையை எக்ஸ்ரேக்காக அமுக்கிப் படுக்கவைத்தால் மேஜையிலேயே உயிர் போய்விடலாம், ஆக்சிஜன் முதலில், படம் அப்புறம் என்று சத்தமாகவே சொல்லுங்கள்.